நாற்பது முழக் கோடு

செங்கோட்டையில் கோயில் கதவை எல்லாச் சாதிக்கும் திறந்துவிட்டார்கள் என்று கேட்டதிலிருந்து தர்மகர்த்தா வல்லிநாயகத்துக்கு இருப்புக் கொள்ளவில்லை. அது திருவிதாங்கூர் மகாராஜா சீமை, இவர் இருந்த தென்காசி வெள்ளைக்காரன் சீமை. அந்தச் சட்டம் இங்கே செல்லாது. ஆனாலும் ஐந்து மைலையும் தீட்டு நடந்தே வந்துவிடும் என்று அந்த மனுஷன் பயந்தார். அவர் பொறுப்பில் இருந்த அம்மன் கோயில் சின்னதுதான். பயம்தான் பெரிது.

ஆனி பிறந்ததும் குளித்து ஈரத்துண்டோடு வந்து, கோயில் வாசலிலிருந்து நாற்பது முழம் அளந்து, தெருவுக்குக் குறுக்கே சுண்ணாம்பில் கோடு போட்டார். அந்தத் தெருவில் கோட்டுக்கு வெளியே வீடு இருக்கிற யாரும் அதைத் தாண்டிக் கால் வைக்கக் கூடாது என்று தமுக்கும் அடித்தாயிற்று. வெளியே இருந்தது கீழத்தெருச் சனம்தான். வாய்க்கால் படித்துறை முப்பதாவது முழத்தில் இருந்தது. கீழத்தெருவுக்கு இருந்தது அந்த ஒரே தண்ணீர்தான். அதைப் பற்றி அவருக்கென்ன? அவர் வீடு இருபதாவது முழத்தில், கோட்டுக்கு உள்ளே பத்திரமாக இருந்தது.

வீதி கூட்டும் மாடத்தியின் மகள் உச்சிமாகாளிக்கு அது எட்டாம் மாதம். அவள் ஒன்றரை மைல் நடந்து சிற்றாற்றில் தண்ணீர் மொண்டு வந்தாள். குடத்தை இறக்கிவிட்டு மூச்சு வாங்கும் மகளைப் பார்க்கப் பார்க்க மாடத்திக்கு அந்தக் கோட்டின்மேல் ஆத்திரம் மூண்டது.

கோட்டை மறுநாளே சாரல் துடைத்துவிட்டது. மறுபடி போட்டார், மறுபடி துடைத்தது. நான்காம் நாள் குனிய முடியாமல் தொந்தி இடித்தது.

"ஏட்டி மாடத்தி, வெளிய நின்னமட்டுக்கு நீயே கோட்டப் போட்டுரு. நீ போட்டதுன்னு மூச்சு விட்டியோ, தோல உரிச்சிருவேன்" என்றார். ஊரில் கேட்டவர்களிடம், தினமும் தானே மந்திரம் சொல்லிப் போடுவதாக அளந்தார்.

தீட்டைத் தடுக்கிற கோட்டைப் போட இந்தக் கைதான் கிடைத்ததா என்று மாடத்திக்குச் சிரிப்பு வந்தது. மறுநாள் காலையில் கோட்டை ஒரு முழம் உள்ளே தள்ளிப் போட்டாள். யாரும் கேட்கவில்லை. அதற்கடுத்த நாள் இன்னொரு முழம். பதினோராம் நாள் படித்துறை வெளியே வந்துவிட்டது. உச்சிமாகாளி குடத்தோடு இறங்கினாள்.

வல்லிநாயகம் கம்பைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தார். வந்தவர் கீழே பார்த்தார். கோடு அவருக்கும் அவளுக்கும் நடுவில் கிடந்தது.

"வெளியதான நிக்கா. சரி, சரி" என்று திரும்பிப் போனார்.

அட கூறுகெட்ட மனுஷா! நாற்பது வருஷமாகப் பார்க்கிற படித்துறை எங்கே இருக்கிறதென்று தெரியவில்லை, கோடு மட்டும் தெரிகிறது. இவனுக்குப் போய் இத்தனை நாள் பயந்தோமே என்று மாடத்திக்குத் தன்மேலேயே வெறுப்பாக இருந்தது. அதோடு கோட்டை நகர்த்துவதை நிறுத்திக்கொண்டாள்.

ஆனால் அந்த வாரமே ஒரு சேதி வந்தது. ஆடி முதல் வெள்ளிக்கு ஆய்க்குடியிலிருந்து கோயில் கமிட்டித் தலைவர் வருகிறார், கயிறு பிடித்து நாற்பது முழம் அளந்து கல் நடப்போகிறார்கள். "சாரல் கோட்டத்தான அழிக்கும்? கல்ல எவன் அழிப்பான்?" என்று வல்லிநாயகம் தெருவெல்லாம் பீற்றிக்கொண்டு திரிந்தார். கல் நட்டுவிட்டால் படித்துறை காலத்துக்கும் போச்சு. மாடத்தி மறுபடி முழம் முழமாக நகர்த்தத் தொடங்கினாள். வெள்ளிக்கிழமை காலை, தர்மகர்த்தா வீட்டு வாசலையும் தாண்டிப் போட்டுவிட்டுத் துடைப்பத்தோடு தள்ளி நின்றாள்.

தலைவரும் கோயிலில் பூசை செய்யும் பட்டரும் கோட்டுக்கு உள்ளே கயிறோடு நின்றார்கள். பட்டுக்கரை வேட்டியும் சந்தனமுமாக வல்லிநாயகம் வீட்டைவிட்டு இறங்கினார்.

"நில்லும் ஓய்! உம்ம வீடே கோட்டுக்கு வெளியில இருக்கு. நீர் தமுக்கடிச்சது உமக்கும்தான்" என்றார் பட்டர்.

வல்லிநாயகம் கீழே பார்த்தார். "கோடு தப்பு! திரும்ப அளப்போம்."

"தெனம் மந்திரம் சொல்லி நீர் போட்டதுதானே? மந்திரம் சொல்லிப் போட்ட எல்லையை மாத்தப்படாது. இனிமே கயித்துக்கும் வேலை இல்லை."

"வேற யாரும் போட்டாகளோ?" என்று கேட்டார் தலைவர்.

வல்லிநாயகம் மாடத்தியைப் பார்த்தார். அவள் பெயரைச் சொன்னால், ஒரு மாதமாக அவள் போட்ட கோட்டை மிதித்துக் கோயிலுக்குள் போன அத்தனை பேருக்கும் தீட்டு, பட்டருக்கும்தான். சொல்லாவிட்டால் இனிமேல் அவருக்கே கோயில் இல்லை.

"எனக்கென்னமோ... கோடே வேண்டாம்னு தோணுது" என்றார்.

"அப்ப கல்லும் வேண்டாம். நீரே அழிச்சுரும்" என்றார் தலைவர்.

"ஏட்டி மாடத்தி, அழிச்சுப் போடு."

"நான் எப்படிச் சாமி தொடுவேன்? நீங்க மந்திரம் சொல்லிப் போட்டதுல்லா" என்றாள் மாடத்தி.

அன்றைக்குப் பார்த்துச் சாரல் இல்லை. வெயிலில் காய்ந்து இறுகிய சுண்ணாம்பு துண்டால் தேய்த்ததற்கு அசையவில்லை, தண்ணீர் வேண்டியிருந்தது. வல்லிநாயகம் வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு படித்துறைக்குப் போனார். அங்கே உச்சிமாகாளி அவசரமில்லாமல் குடத்தை முக்கிக்கொண்டிருந்தாள். அவள் மொண்டு முடிக்கும்வரை தர்மகர்த்தா மேல்படியில் காத்து நின்றார்.