மரங்கொத்திக்குப் பதில்

அன்றைக்கு ஆபீஸ் வண்டியில் எல்லோர் முன்னாலும் அவள் வாயை விட்டிருக்கவே வேண்டாம். விட்டாயிற்று. "எங்க அண்ணிக்கு இப்பல்லாம் காது மந்தம். பக்கத்துல இடி விழுந்தாக்கூட என்ன சத்தம்னு நம்மளத்தான் கேப்பாங்க" என்றாள். வண்டியே கொல்லென்று சிரித்தது. அண்ணி மட்டும் சிரிக்கவில்லை, ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அன்றோடு இரண்டு பேருக்கும் பேச்சு நின்றது.

அப்படி வாயை விட்டவளுக்கு ஆபீஸில் வைத்த பெயர் டமாரம். எந்த ரகசியமும் அவள் வயிற்றில் ஒரு வேளைகூடத் தங்காது, அதனால் வந்த பெயர். காட்டுக்குள் நடந்து, சத்தத்தை வைத்தே எந்தப் பறவை எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பது அவள் வேலை. அண்ணிக்கும் அதே வேலைதான். சொல்லப்போனால், வேலை பார்த்த துணி ஆலையை மூடியபின் யார் முகத்திலும் விழிக்கப் பிடிக்காமல் வீட்டுக்குள் முடங்கிக் கிடந்தவளைக் கையைப் பிடித்து இழுத்துவந்து இதில் சேர்த்துவிட்டதே அண்ணிதான். காதை நம்பிப் பிழைக்கிறவளைப் போய்க் காது மந்தம் என்று சொன்னால்? வாய்க் கொழுப்பு, வேறென்ன!

அண்ணனும் அண்ணியும் மாடியில், இவள் கீழே. ஒரே படிக்கட்டு, ஒரே தண்ணீர்க் குழாய். காலையில் எதிரே வந்தால் ஒருத்தி செருப்பைப் பார்ப்பாள், இன்னொருத்தி கூரையைப் பார்ப்பாள். அண்ணன்தான் பாவம், "மேல உப்பு இல்லையாம், கொஞ்சம் குடு" என்று தூது போயே ஓய்ந்துபோனான்.

அந்தச் சமயம் பார்த்துப் பெரிய கருப்பு மரங்கொத்தியைத் தேடும் வேலை வந்தது. காக்கையைவிடப் பெரிய பறவை அது. வயிறு மட்டும் வெள்ளை, ஆணுக்கு உச்சந்தலை ரத்தச் சிவப்பு. வரிசையாக நட்டு வளர்த்த தோட்டத்து மரம் இதற்கு ஆகாது. வயதாகி, உள்ளே உளுத்து, நின்ற நிலையிலேயே செத்துப்போன பட்ட மரம் வேண்டும். உளுத்த மரத்தில்தான் கட்டெறும்பு புற்று வைக்கும், அந்த எறும்புதான் இதற்குச் சாப்பாடு. ஒரு ஜோடி பிழைக்க ஒரு மலைச்சரிவே வேண்டும். பக்கத்தில் இன்னொன்று வந்தால் பொறுக்காது. காய்ந்த கிளையில் அலகால் டர்ர்ர்ரென்று கொட்டி, இது என் இடம் என்று ஊருக்கே அறிவிக்கும்.

ஓடையோரத்துப் பட்ட மரங்கள் யார் தலையிலாவது விழுந்து தொலைக்கும் என்று அவற்றை வெட்டச் சொல்லிச் சிவப்புக் குறி போட்டிருந்தார்கள். அங்கே மரங்கொத்தி இருக்கிறது என்று இரண்டு பேர் தனித்தனியாகச் சொன்னால் போதும், வெட்டமாட்டார்கள். வேலை போன வருத்தத்தில் சுருண்டு கிடந்த டமாரம் மறுபடி மனுஷியானதே அந்த ஓடையோரத்தில்தான். அந்த மரங்கள் விழுந்தால் தன்னையே வெட்டிய மாதிரி இருக்கும் அவளுக்கு.

தேடும் முறை எளிது. ஒரு சின்ன ஸ்பீக்கரில் மரங்கொத்தி கொட்டும் சத்தத்தை ஒலிக்கவிட வேண்டும். நிஜப் பறவை இருந்தால், எவனடா அது என்று ரோஷத்தோடு பதிலுக்குக் கொட்டும். அந்தச் சத்தத்தை வேறொரு காட்டில் பதிவு செய்து வந்தவர் மேலதிகாரி. மனுஷர் வாயைத் திறப்பதற்கு முன்னும் பின்னும் தொண்டையைக் கனைப்பார், ஆபீஸே அவரைக் கனைப்பு சார் என்றுதான் சொல்லும். எல்லோர் ஸ்பீக்கரிலும் இருந்த அந்த ஒரே பதிவின் கடைசியிலும் ஒரு கனைப்பு விழுந்திருந்தது. அது வருவதற்குள் டமாரம் பொத்தானை அமுக்கி நிறுத்திவிடுவாள்.

இன்னொரு விதியும் உண்டு. கிளம்பும் முன் இன்றைக்கு எந்தப் பக்கம் போகிறோம் என்று ஒருத்தருக்கு ஒருத்தர் சொல்லிக்கொள்ள வேண்டும். பேசாதவர்கள் எங்கே சொல்லிக்கொள்வது?

முதல் நாளே டமாரம் ஓடைக்கரையில் நின்று ஸ்பீக்கரை ஒலிக்கவிட்டாள். காத்திருந்தாள். எதிர்ச்சரிவிலிருந்து, மரங்களுக்குள்ளிருந்து, டர்ர்ர்ர்!

அவளுக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. மறுபடி ஒலிக்கவிட்டாள், மறுபடி பதில் வந்தது. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது அவளுக்கு. "நல்லா இருப்பா நீ, நல்லா இரு" என்று காட்டைப் பார்த்துக் கும்பிட்டாள். அதற்குப் பிறகு தினமும் அதே கதைதான். இவள் கொட்டினால் அது கொட்டும். சில நாள் அதுவே முதலில் கூப்பிடும்.

டமாரம் ஆபீஸில் சொல்லிவிட்டாள், ஆனால் அண்ணி எதையும் கேட்டதாகச் சொல்லவில்லை. "ஒருத்தர் சொன்னா போதாதும்மா" என்றார் கனைப்பு சார். "நாளைக்குச் சாயங்காலத்துக்குள்ள உங்க அண்ணியும் சொல்லணும். இல்லன்னா மறுநாள் ரம்பத்தோட ஆளுங்க வந்துடுவாங்க."

டமாரத்துக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீட்டுக்கு வந்ததும் அண்ணனைப் பிடித்துக்கொண்டாள். அவன் மிக்சி, ரேடியோ பழுது பார்ப்பவன், கையில் எப்போதும் திருப்புளி இருக்கும்.

"உன் பொண்டாட்டிக்கு என் மேல கோபம்னா என்னைத் திட்டட்டும். மரம் என்ன பாவம் பண்ணுச்சு? வேணும்னே கேக்கலைன்னு சாதிக்கிறாங்க. இந்தா, நீயே கேளு!" என்று, காட்டில் போனில் பிடித்துவைத்திருந்த பறவையின் பதிலைப் போட்டாள்.

அண்ணன் காதில் வைத்துக் கேட்டான். சத்தத்தைக் கூட்டி இன்னொரு தரம் கேட்டான். முகம் ஒரு மாதிரியாகப் போயிற்று.

"ஏண்டி, இந்தப் பறவைக்குச் சளியா?"

"என்ன உளர்ற?"

"கடைசியில தொண்டையைக் கனைக்குதே."

வாங்கிக் காதில் வைத்தாள். டர்ர்ர்ர். அதன்பின் இலைச் சலசலப்புக்கு நடுவே, மெல்லிசாக, சந்தேகமே இல்லாமல், "ஹ்ம்க்கும்."

டமாரம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். எதிர்ச்சரிவில் இருந்தது அண்ணி. கும்பிடு போட்டதெல்லாம் அண்ணியின் ஸ்பீக்கருக்கு. முதலில் வெட்கமாக இருந்தது, பிறகு மரங்களின் நினைப்பு வந்தது. இல்லாத பறவையை இருக்கிறது என்று சொல்லியாயிற்று. அதைக் கனைப்பு சாரிடம் ஒப்புக்கொள்வதற்கு முன்னால் மாடிக்குப் போய் அண்ணியிடம் சொல்ல வேண்டும். அந்தப் படிக்கட்டு அன்றைக்கு என்ன உயரமாக இருந்தது!

அண்ணி துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"அண்ணி... எதிர்ப்பக்கம் தட்டினது நீங்களா?"

"பின்ன வேற யாரு?"

"அப்போ உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"ரெண்டாம் நாளே தெரியும். நிஜப் பறவை ஒரு தடவை நீட்டி அடிக்கும், ஒரு தடவை சட்டுனு விடும். நீ அச்சுல வார்த்த மாதிரி ஒரே அடி. அதான் நான் சார்கிட்ட வாயே திறக்கல." அண்ணி ஒரு தலையணை உறையை உதறினாள். "காது மந்தம்தான், ஆனா அது கேட்டுச்சு."

"தெரிஞ்சும் ஏன் அண்ணி பதில் குடுத்தீங்க?"

அண்ணி மடித்த துணியையே மறுபடி பிரித்து மடித்தாள். "வீட்டுலதான் நீ மூஞ்சியைத் திருப்பிட்டுப் போற. அங்க நான் தட்டினா உடனே தட்டின. அதையாவது ஏன் விடணும்னு இருந்துச்சு. தப்புதான்."

"நான்தான் அண்ணி தப்பு. அந்த வாயை..." அதற்குள் அழுதுவிட்டாள். அண்ணி மடித்துவைத்த தலையணை உறையாலேயே அவள் மூக்கைத் துடைத்துவிட்டாள்.

"போதும், அழுதது. பறவை இல்லைன்னு யார் சொன்னா? இன்னைக்குச் சாயங்காலம்தான் பாத்தேன், பெரிய பட்ட மரத்தடியில புதுச் சிராய் கொட்டிக் கிடக்கு, இன்னும் வெளுப்பு மாறல. தண்டுல நீளநீளமாப் பொந்து தோண்டியிருக்கு. மேல முட்டை வடிவத்துல ஒரு வாசல், விளிம்பெல்லாம் புதுசு."

"அப்புறம் ஏன் சத்தமே இல்ல?"

"ரெண்டு பக்கமும் ரெண்டு ரவுடிங்க விடாம தட்டிக்கிட்டிருந்தா அது எங்க வாயைத் திறக்கும்? நம்ம சண்டையில அது பயந்து பதுங்கிக் கிடக்கு. நாளைக்கு ஸ்பீக்கரே வேணாம். பொழுது சாயற நேரம் தூங்கறதுக்கு வரும், போய் உக்காருவோம்."

மறுநாள் கனைப்பு சாரிடம் டமாரம் ஒன்றுவிடாமல் சொன்னாள். அவர் சிவந்தார், கனைத்தார், "என் தொண்டையா?" என்று கேட்டார். ஆனால் சாயங்காலம் கூடவே வந்தார், அதற்கு அவருக்குப் புண்ணியம். மூவரும் பெரிய பட்ட மரத்துக்கு எட்டத்தில், புதருக்குப் பின்னால் உட்கார்ந்தார்கள். சாருக்குத் தொண்டை அரித்தது. அண்ணி முறைத்த முறையில் கைக்குட்டையை வாய்க்குள் அடைத்துக்கொண்டார்.

வெளிச்சம் குறைந்தது. கொசு பிய்த்து எடுத்தது. எதுவும் வரவில்லை. ரம்பங்கள் விடிந்ததும் வரும் என்ற நினைப்பில் டமாரத்துக்கு இருப்புக்கொள்ளவில்லை. வந்துடு சாமி, வந்துடு என்று மனசுக்குள் கெஞ்சினாள்.

அண்ணி அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். "வருது" என்றாள், உதடு மட்டும் அசைய. டமாரத்துக்கு ஒன்றுமே கேட்கவில்லை. பிறகுதான் இறக்கை காற்றைக் கிழிக்கும் ஓசை கேட்டது. பெரிய கருப்புப் பறவை ஒன்று வந்து தண்டில் ஒட்டிக்கொண்டது. உச்சந்தலைச் சிவப்பு அந்த மங்கலிலும் தெரிந்தது. வால் சிறகைத் தண்டில் ஊன்றி, தலையை இந்தப் பக்கம் நீட்டிப் பார்த்தது, அந்தப் பக்கம் நீட்டிப் பார்த்தது. இரண்டு ரவுடிகளும் இல்லை என்று தெரிந்ததோ என்னவோ, பக்கத்துக் கிளைக்குத் தாவி ஒரு தரம் கொட்டியது. டர்ர்ர்ர்ர், முடிவில் மெல்லத் தேய்ந்து. எந்த ஸ்பீக்கரிலும் அப்படிக் கேட்டதில்லை. பிறகு வாசலுக்கு வந்து உள்ளே நுழைந்துகொண்டது.

சார் கைக்குட்டையை எடுத்தார். கனைக்கவில்லை. சிவப்புக் குறி போட்ட மரங்களை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, "நான் இப்பவே பேசிடறேன்மா" என்று போனை எடுத்துக்கொண்டு மேட்டுக்கு ஏறினார். ரம்பம் வரவில்லை.

அடுத்த நாள் வண்டியில் எல்லோரும் ஏறியதும் டமாரம் எழுந்து நின்றாள். கம்பியைப் பிடித்துக்கொண்டு, டிரைவருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள்: "நான் அன்னைக்கு இங்க வெச்சு ஒண்ணு சொன்னேன். அது சுத்தப் பொய். எங்க அண்ணி காது இல்லைன்னா அந்த மரம் ஒண்ணுகூட இன்னைக்கு நிக்காது. நானும் நின்னிருக்க மாட்டேன். அவங்க எனக்குக் கிடைச்சது நான் செஞ்ச புண்ணியம்."

"உக்காருடி, வண்டி ஆடுது" என்றாள் அண்ணி. ஜன்னல் பக்கம்தான் திரும்பிக்கொண்டாள், ஆனால் பக்கத்து இடத்திலிருந்த பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். டமாரம் போய் அங்கே உட்கார்ந்தாள்.

அதற்கடுத்த நாள் விடிகாலை டமாரம் அடுப்பில் பால் வைத்துவிட்டு நின்றபோது, தலைக்கு மேலே மாடித் தரையில் யாரோ துடைப்பக் கட்டையால் தட்டினார்கள். டர்ர்ர்ர் என்று, அச்சில் வார்த்த மாதிரி. நின்றது. பிறகு படிக்கட்டு வழியாகத் தெளிவாக, அண்ணியின் குரலில் ஒரு கனைப்பு.

டமாரம் சிரித்துக்கொண்டே கரண்டியை எடுத்து, மாடிக்குப் போகும் தண்ணீர்க் குழாயில் பதிலுக்குத் தட்டினாள். பால் பொங்கி வழிந்தது. அவள் தட்டுவதை நிறுத்தவில்லை.