நாச்சியம்மை ஆச்சியின் மூக்கு

சன்னிதித் தெருவில் நாச்சியம்மை ஆச்சி வருகிறாள் என்பதைக் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. பட்டுச் சேலை மடிப்பிலிருந்து கிளம்பும் அந்துருண்டை வாடை அவளுக்குப் பத்தடி முன்னால் நடந்து வரும். அவள் போன பிறகும் கொஞ்ச நேரம் நின்று நாலு பேரிடம் பேசிவிட்டுத்தான் போகும். ஆச்சிக்கு மட்டும் அது தெரியாது. முப்பது வருஷமாக அந்த வாடைக்குள்ளேயே குடியிருக்கிறவளுக்கு அது வாடையே இல்லை, சுத்தம்.

மற்றபடி அவள் மூக்கு லேசுப்பட்டதல்ல. காரைக்குடியில் எந்த வீட்டில் மாவு புளித்தது, எவர் துண்டைத் துவைக்கவில்லை என்பதெல்லாம் முகப்பில் நின்றபடியே சொல்லிவிடுவாள். கேட்டால்தான் சொல்வாள் என்றில்லை.

தினமும் சாயரட்சை மணி அடித்ததும் எதிரே இருக்கும் கோயிலுக்குப் போவாள். பக்தி இல்லாமல் இல்லை. அந்தப் பக்தியை மூக்குதான் நிம்மதியாக இருக்க விடவில்லை. படியேறினால் மிதிபட்டு நசுங்கிய வாழைப்பழம். உள்ளே போனால் தூணெல்லாம் எண்ணெய்க் கையைத் துடைத்துத் துடைத்து ஏறிய பிசுக்கு, அதன்மேல் விபூதி, அதன்மேல் மறுபடியும் பிசுக்கு. விதானத்திலிருந்து வௌவால் புழுக்கை நாற்றம். தீபாராதனை காட்டும்போது ஐம்பது பேர் ஒரே சமயத்தில் கையைத் தலைக்குமேல் தூக்குவார்கள். ஐம்பது பேருடைய அக்குளும் ஒரே சமயத்தில் திறக்கும். ஆச்சி அந்த நேரத்தில் கண்ணை மூடிக்கொள்வதைப் பார்த்து உருகிப் போகிறாள் என்று நினைத்தவர்கள் உண்டு. அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தாள். தீர்த்தம் கொடுத்தால் உதடு வரை கொண்டுபோய்ச் சட்டென்று உச்சியில் தடவிக்கொள்வாள். "இந்த ஆச்சிக்கு வாய் தலையில இருக்கு" என்று குருக்களே யாரிடமோ சொன்னதாகக் கேள்வி.

அதுவாவது சாமி சங்கதி, பொறுத்துக்கொள்ளலாம். வெளியே வந்தால் பொன்னுத்தாயி.

கோயில் வாசலுக்கும் ஆச்சி வீட்டு முகப்புக்கும் நட்டநடுவில், வேப்பமரத்தடியில், பொன்னுத்தாயி சாயங்காலமானால் அடுப்பைப் பற்றவைத்துவிடுவாள். வெள்ளைப் பணியாரமும் மிளகாய்த் துவையலும். சட்டியில் கிடக்கும் எண்ணெய் என்றைக்கு ஊற்றியது என்று அவளுக்கே ஞாபகம் இருக்காது. குறைந்தால் மேலே ஊற்றுவாளே தவிர, மாற்றியதாகச் சரித்திரம் இல்லை. தார் மாதிரி கறுத்து, ஓரத்தில் நுரை கக்கிக்கொண்டிருக்கும் அதற்குள் மாவு விழுந்து, வெள்ளையாகவே உப்பி எழுந்து வருவது எப்படி என்பது ஊருக்கு விளங்காத அதிசயம். வெற்றிலை எச்சிலைப் பக்கவாட்டில் புளிச்சென்று துப்புவாள். துப்பிய வாயைப் புறங்கையால் வழித்து, புறங்கையை முந்தானையில் தேய்த்து, அடுத்த விநாடி அதே கை மாவுக்குள் போகும். நெற்றி வியர்வை சொட்டி எண்ணெயில் விழுந்தால் 'சுர்' என்று ஒரு சத்தம். கோயில் காளை வந்து மாவுப்பானை மூடியை நக்கினால், "போ சாமி" என்று முதுகில் தட்டி அனுப்பிவிட்டு மூடியை எடுத்து மறுபடியும் பானைமேலேயே வைப்பாள். தட்டுக் கழுவ ஒரே வாளி. விளக்கேற்றும் நேரத்தில் தண்ணீராக ஆரம்பிப்பது, ஒரு மணி நேரத்தில் கஞ்சியாகிவிடும். துடைக்க ஒரு கிழிந்த பாவாடைத் துணி. அதன் பழைய நிறம் தெரிந்தவர் எவரும் உயிரோடு இல்லை.

ஆனாலும் கூட்டம் நெருக்கியடிக்கும். பிள்ளையார்பட்டிக்குப் போய்விட்டுத் திரும்புகிறவர்கள்கூட வழியில் இறங்கித் தின்றுவிட்டுப் போவார்கள். கற்பூரம் ஒற்றிய கை சூடு ஆறுமுன் துவையலைத் தொட்டு நக்கும். புகை முழுக்க ஆச்சி வீட்டு முகப்பில் ஏறி, நடை தாண்டி, உள்முற்றத்து வளவு வரை வரும்.

அறுபத்தொன்பதாம் வருஷம் கார்த்திகையில் ஆச்சி ஒரு முடிவுக்கு வந்தாள். கடை போக வேண்டும். கணவர் ஏகப்பனை உட்கார வைத்து ஒரு மனு டைப் அடிக்க வைத்தாள். கோயில் டிரஸ்டி முத்தப்பச் செட்டியார் ஏகப்பனுக்குப் பெரியப்பா மகன், பங்காளிகளில் மூத்தவர். அவர் ஒரு கையெழுத்துப் போட்டால் மறுநாளே பொன்னுத்தாயியின் சட்டியைத் தூக்கிவிடலாம். முத்தப்பன் இன்றைக்கு நாளைக்கு என்று நழுவிப் பார்த்துவிட்டு, கடைசியில், "பிள்ளையார் நோம்புக்கு ஒங்க வீட்டுக்குத்தானே வாறேன், இழை எடுத்த கையோட போட்டுத் தாறேன்" என்று சொல்லிவிட்டார்.

சேதி பொன்னுத்தாயிக்கு எட்டாமலா இருக்கும்? மறுநாள் ஆச்சி மூக்கை முந்தானையால் பொத்தியபடி கடந்து போகையில் அவள் கரண்டியை நிறுத்தினாள்.

"என்ன ஆச்சி, எம் பொழப்புல மண்ணப் போடப் போறீகளாம்?"

"மண்ணு ஒன் மாவுலயே கெடக்கு. நான் வேற போடணுமாக்கும்?"

"இந்த வாசல விட்டா நான் எங்குட்டுப் போக? புருசனும் இல்ல. சந்தப்பேட்டையில போயி ஒக்காந்தா ஈதான் வந்து வாங்கும்."

"ஈ இங்கயுந்தான் வாங்குது. காசுதான் குடுக்கல."

சுற்றி நின்றவர்கள் வாயில் பணியாரத்தோடு சிரித்தார்கள். பொன்னுத்தாயி சிரிக்கவில்லை. "ஒரு நா, ஒரே ஒரு பணியாரம் தின்னு பாத்துட்டுச் சொல்லுங்க. நல்லா இல்லன்னா நானே சட்டியக் கவுத்துட்டுப் போயிர்றேன்."

"தின்னுட்டுச் சொல்றதுக்கு நான் உசிரோட இருக்கணுமே!" என்று ஆச்சி படியேறினாள். அன்றைக்கு அவளுக்குத் தீபாராதனைகூட இனித்தது.

நோன்பு வந்தது. கார்த்திகைத் தீபத்திலிருந்து இருபத்தொரு நாள். புது வேட்டியில் இருபத்தொரு இழை நூல் எடுத்துத் திரியாகத் திரிப்பார்கள். பச்சரிசி மாவில் வெல்லப்பாகும் நெய்யும் விட்டுப் பிசைந்து, சின்னப் பிள்ளையாராகப் பிடித்து, அதில் திரியைச் செருகி ஏற்றுவார்கள். வீட்டுக்குப் பெரியவர் ஒவ்வொருவருக்காக எடுத்துக் கொடுக்க, எரிகிற சுடரோடு அப்படியே வாயில் போட்டு விழுங்க வேண்டும். கர்ப்பிணி இருந்தால் வயிற்றுப் பிள்ளைக்கும் சேர்த்து இரண்டு. சாமிக்குப் பிசைந்ததை முன்கூட்டி ருசி பார்க்கக் கூடாது, முகர்ந்தும் பார்க்கக் கூடாது. நெருப்போடு உள்ளே போனதை வெளியே துப்பவே கூடாது. ஆச்சி வீட்டில் அன்றைக்கு எச்சில் துப்புவதற்கே தடை.

இந்த இழைமாவுக்கான நெய்யில்தான் ஆச்சி தன் சுத்தம் முழுவதையும் காட்டினாள். கடை நெய்யில் என்ன மிருகக் கொழுப்போ என்று, புரட்டாசியிலேயே வெண்ணெய் வாங்கித் தானே உருக்கி, ஜாடியில் ஊற்றி, வாயில் மல்துணி கட்டினாள். எங்கே வைப்பது? சமையல்கட்டில் வைத்தால் கரப்பான் வரும், எறும்பு வரும், வேலைக்காரி மீனாளின் விரல் வரும். ஒரு பூச்சி பொட்டு அண்டாத இடம் அந்த வீட்டில் ஒன்றுதான் இருந்தது. பட்டுச் சேலை பீரோ. கல்யாணச் சேலைக்கும் காஞ்சிபுரத்துக்கும் நடுவே, கைப்பிடி அந்துருண்டைக்குப் பக்கத்தில் ஜாடியை இருத்திப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகினாள். நெய் மூன்று மாசம் அங்கே இருந்தது.

நோன்பன்று பகலில் ஜாடியின் துணியை அவிழ்த்தபோது பக்கத்தில் மீனாள்தான் நின்றாள்.

"ஆச்சி, நெய்யி என்னமோ ஒரு மாதிரி..."

"மோந்து பாத்தியாடி? சாமிக்கு வச்சத மோந்து பாத்தியா?"

"நான் எங்க பாத்தேன், அதுவால்ல வருது!"

"மூஞ்சிய அங்குட்டுத் திருப்பு."

மீனாள் திருப்பிக்கொண்டாள். ஆச்சி நெய்யை விட்டாள், குறைவில்லாமல்.

சாயரட்சை முடிந்து பங்காளிகள் இருபத்திரண்டு பேர் வளவில் வந்து உட்கார்ந்தார்கள். மாக்கோலம், ஆவாரம்பூ, குவியல் குவியலாகப் பொரி. வெற்றிலைத் தட்டுக்குக் கீழே மனு, அதன்மேல் பேனா. முத்தப்பன் தடுக்கில் அமர்ந்து முதல் இழையை ஏற்றினார்.

"பிள்ளையாரப்பா, எல்லாரையும் காப்பாத்து" என்று வாயில் போட்டார்.

முதலில் புருவம் ஏறியது. பிறகு கன்னம் ஒரு பக்கமாக உப்பி, அங்கே இடமில்லை என்று மறுபக்கம் போனது. கண்ணில் நீர் முட்டியது. காறிப்போன நெய்யும், அதற்குள் மூன்று மாசமாக ஊறி உட்கார்ந்திருந்த அந்துருண்டை வாடையும், நடுவே கருகிய நூலுமாக அது அவர் நாக்கில் கரைய மறுத்தது. துப்ப முடியாது. தொண்டை இரண்டு முறை ஏறி இறங்க, விழுங்கிவிட்டார். இரண்டாவது இழையை ஏற்றி ஏகப்பனிடம் நீட்டினார்.

ஏகப்பன் வாங்கினார். விழுங்கினார். அடுத்தவரை ஒரு பார்வை பார்த்தார். அடுத்தவர் விழுங்கிவிட்டு அதற்கடுத்தவரை அதே மாதிரி பார்த்தார். சாமி காரியத்தில் யார் வாயைத் திறப்பது? வாயைத் திறந்தால் அது வெளியே வந்துவிடுமோ என்ற பயம் வேறு. நெடுங்குடியிலிருந்து வந்திருந்த ஒரு பெரியவருக்கு விக்கல் பிடித்துக்கொண்டது. விக்கலுக்கு ஒருமுறை அதே ருசி திரும்பி வந்தது, அவர் ஒவ்வொரு முறையும் புதிதாக விழுங்கினார்.

முத்தப்பனின் மருமகள் சாலா ஆறு மாசம். அவள் முறை வந்ததும் வழக்கத்தில் மயிரிழை பிசகாத முத்தப்பன், ஒன்றை மட்டும் நீட்டி, "ஒனக்கு ஒண்ணு போதும் ஆத்தா" என்றார்.

"அதெப்படி?" என்று பின்னாலிருந்து ஆச்சியின் குரல் கணீரென்று வந்தது. "வகுத்துப் புள்ளைக்கு ஆரு எடுக்கிறது? வழக்கத்த விடலாமா? ரெண்டாக் குடுக்கச் சொல்லுங்க. சுத்தமா வெண்ணெ காச்சுன நெய்யி, ஒண்ணும் செய்யாது."

சாலா இரண்டையும் வாயில் வைத்துக்கொண்டு, இரு கையாலும் வாயைப் பொத்தி, கண் பிதுங்க மாமனாரைப் பார்த்தாள். விழுங்கினாள். எழுந்தாள். நடையைத் தாண்டி வாசலுக்கு ஓடினாள். "பாவம், மசக்கை" என்றாள் ஆச்சி. அவளைத் தாங்கிப் பிடிக்க என்று நாலு பேர் எழுந்து போனார்கள். அந்த நாலு பேரைப் பார்க்க என்று எட்டுப் பேர், அந்த எட்டுப் பேரைப் பார்க்க என்று மிச்சப் பேர். கடைசியில் ஆச்சிக்குரிய இழையை ஏற்றிக் கையில் கொடுத்துவிட்டு, சாலாவுக்கு என்ன ஆயிற்றோ என்று முத்தப்பனும் வேகமாகப் போனார். வயசுக்கு அது அதிக வேகம்.

ஆச்சி சுடரை வணங்கி வாயில் போட்டாள்.

அவள் மூக்கு ஒன்றும் சொல்லவில்லை. நாக்குதான் சொன்னது. கல்யாணச் சேலை, காஞ்சிபுரம், மகள் கல்யாணத்துக்கு எடுத்தது எல்லாம் நாலாக மடிபட்டுத் தொண்டையில் அடுக்கி வைத்தது போலிருந்தது. பீரோவையே நக்கிவிட்டோம் என்று அவளுக்குப் புரிந்தபோது பாதி இறங்கிவிட்டது. மீதியையும் இறக்கினாள். செம்புத் தண்ணீரைக் குடித்தாள், தண்ணீரிலும் அது இருந்தது. ஏப்பம் வந்தது, ஏப்பத்திலும் பீரோ. கொப்பளிக்கலாமென்றால் துப்ப முடியாது. பொரியை அள்ளிப் போட்டாள், பொரி அந்த வாடையைப் பிடித்துக்கொண்டு பல்லிடுக்கில் உட்கார்ந்துவிட்டது.

வளவில் எவரும் இல்லை. வெற்றிலைத் தட்டுக்குக் கீழே மனுவும் இல்லை. ஆச்சி முகப்புக்கு வந்து எட்டிப் பார்த்தாள்.

பட்டும் ஜரிகை வேட்டியுமாக இருபத்திரண்டு பங்காளிகளும் வேப்பமரத்தடியில் நின்றார்கள். சாலா பலகையில் உட்கார்ந்து துவையலை வழித்து நக்கிக்கொண்டிருந்தாள்.

"என்ன செட்டியாரே, நோம்பு வீட்டுல ஒண்ணும் போடலையா?" என்றாள் பொன்னுத்தாயி.

"போட்டாக. அதான் வந்தோம்" என்றார் முத்தப்பன். "தொவையல இன்னுங் கொஞ்சம் வையி. நாக்கு செத்துக் கெடக்கு."

"தட்டு எல்லாம் ஆள் கையில இருக்கு, இலையும் தீந்துபோச்சு. இருங்க."

முத்தப்பன் இருக்கிற நிலைமையில் இல்லை. சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்து விரித்து நீட்டினார். சுடச்சுட நாலு பணியாரம் அதில் விழுந்தன. டைப் அடித்த வரிகளின்மேல் எண்ணெய் பரவியது.

"அண்ணே, அது மனு" என்றார் ஏகப்பன்.

"தெரியும். படிச்சிட்டேன். இந்தா, நீயும் ரெண்டு எடு." ஏகப்பன் எடுத்தார்.

ஆச்சி உள்ளே போனாள். ஊஞ்சலில் உட்கார்ந்தாள். இன்னொரு ஏப்பம் வந்தது. எழுந்து பீரோவைத் திறந்து வெள்ளித் தட்டை எடுத்தாள்.

"மீனா, இதுல நாலு வாங்கியா. எண்ணெய ஒத்தி எடுத்துட்டு வைக்கச் சொல்லு. ஆருக்குன்னு சொல்லாத."

வெள்ளித் தட்டைப் பார்த்த பிறகு ஆருக்கு என்று சொல்ல வேண்டுமா? பொன்னுத்தாயி தட்டை வாங்கி மூக்கருகே கொண்டுபோய் முகத்தைச் சுளித்தாள்.

"இதென்னடி வாட! இதுல வச்சா எம் பணியாரம் கெட்டுப்போயிரும்."

அவள் வெள்ளித் தட்டைக் கஞ்சி வாளிக்குள் முக்கினாள். உள்ளேயே ஒரு சுழற்று. எடுத்து, பாவாடைத் துணியால் முன்னும் பின்னும் அழுத்தித் துடைத்தாள். நாலு பணியாரத்தை வைத்து, ஓரத்தில் துவையலை விரலால் வழித்து இழுகினாள். கதவிடுக்கு வழியாக ஆச்சி இத்தனையையும் பார்த்தாள். குமட்டலோடு பீரோவும் மேலே வந்தது.

தட்டு வந்தபோது அதன் விளிம்பில் யாரோ தின்று போட்ட கறிவேப்பிலை ஒன்று ஒட்டியிருந்தது. ஆச்சி அதைச் சுண்டி எறிந்தாள். தீபாராதனையில் மூடுவது போலக் கண்ணை மூடிக்கொண்டு முதல் பணியாரத்தைத் துவையலில் புரட்டி வாயில் போட்டாள். காரம் நாக்கில் ஏறி, தொண்டையில் இறங்கி, பட்டுச் சேலைகளை ஒவ்வொன்றாக உருவி எறிந்தது. இரண்டாவதைப் போட்டபோது கண்ணைத் திறந்துதான் வைத்திருந்தாள். நாலாவது முடிந்ததும் தட்டை வழித்து நக்கியதை மீனாளைத் தவிர எவரும் பார்க்கவில்லை. மீனாள் பார்த்தால் போதாதா, தெருவுக்கு?

"இன்னும் நாலு வாங்கியா" என்றாள் ஆச்சி.

"தட்டக் கழுவிட்டுப் போகவா ஆச்சி?"

ஆச்சி புறங்கையால் வாயைத் துடைத்து, கையை முந்தானையில் தேய்த்துக்கொண்டாள்.

"வேணாம். அவளே கழுவிக்கிருவா."