சோலோ நகரில் ஒரு கலவரக் காட்சி

யோஹன் லியாந்தோ டிவி தொடர்களில் பல வருடம் நல்ல மருமகனாக நடித்தவன். இப்போது முதன்முறையாக ஒரு படத்தை இயக்க, இந்தோனேசியாவில் தான் பிறந்த ஊரான சோலோவுக்கு வந்திருந்தான். தொண்ணூற்றெட்டு மே மாதம் சீன வம்சாவளியினருக்கு எதிராக நடந்த கலவரத்தில், சீனரான அவன் அப்பாவின் துணிக்கடை எரிந்ததுதான் கதை. அப்போது அவனுக்கு ஏழு வயது.

காலையில் காட்சிக்காக டயரைக் கொளுத்தினார்கள். துணை நடிகர்கள் கட்டைகளோடு ஓடிவந்தார்கள்.

"சீனனுங்கள வெளிய இழுங்கடா."

வசனம் அவன் எழுதியதுதான்.  ஆனாலும் காதில் விழுந்ததும் அவனுக்குக் கட் சொல்ல வாய் வரவில்லை. யாரும் நிறுத்தாததால் கூட்டம் முனை திரும்பி, ஷூட்டிங் பற்றி முன்கூட்டிச் சொல்லி வைக்காத அடுத்த தெருவுக்குள் கத்திக்கொண்டே ஓடியது. அங்கே ஷட்டர்கள் ஒவ்வொன்றாக இறங்கும் சத்தம் கேட்டது.

உதவி இயக்குநர் வெனிங் மைக்கைப் பிடுங்கிக் கட் சொன்னாள். "என்னண்ணே ஆச்சு? மூஞ்சி வெளுத்துப்போச்சு."

அவன் அந்தத் தெருவுக்கு ஓடினான். ஷூட்டிங் என்று தெரிந்ததும் மற்றக் கடைகள் திறந்தன. கியோக் லான் என்ற வயதான சீனப் பெண்ணின் மருந்துக் கடை மட்டும் திறக்கவில்லை. உள்ளே அழுகைச் சத்தம்.

"ஆன்ட்டி, இது சினிமா. ஒண்ணுமில்ல, பயப்படாதீங்க."

"அன்னைக்கும் ஒண்ணுமில்லன்னுதான் சொன்னாங்க."

"நான் யோஹன். சாயங்காலம் டிவில வருவேனே."

அழுகை நின்றது. "ரெண்டாவதா ஒருத்தியைக் கட்டிக்கிட்டவனா?"

"அது சின்ன மருமகனா நடிக்கிறவன். நான் மூத்த மருமகன்."

ஷட்டர் முழங்கால் அளவு உயர்ந்தது. ஒரு கை அவன் சட்டையைப் பிடித்தது. "இந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு வெளிய நிக்கிறியே, அறிவிருக்கா? உள்ள வா."

குனிந்து நுழைந்தான். அவள் ஷட்டரை இறக்கிப் பூட்டினாள்.

வெளியே துணை நடிகர்கள் சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டு சிரித்தார்கள். தான் அழைத்துவந்த ஆட்கள்தான் என்று அவனுக்குத் தெரியும். ஆனாலும் யாரோ ஷட்டரைத் தட்டியதும் இருவரும் மேசைக்குப் பின்னால் பதுங்கினார்கள்.

"அண்ணே, நான்தான், வெனிங்."

 கியோக் லான் அவன் மணிக்கட்டை இறுகப் பிடித்திருந்தாள். 

"எல்லாம் என்னாலதான், ஆன்ட்டி."

"தெரியுது. கொஞ்சம் பேசாம இரு."

வெளியே படப்பிடிப்புக் குழுவின் கடைசி லாரியும் கிளம்பிப் போன பிறகுதான் அவள் சாவியை எடுத்தாள்.

அந்தக் காட்சியில் கூட்டத்தைக் காட்டப்போவதில்லை, பூட்டிய கடைக்குள் இருப்பவர்களை மட்டும் எடுக்கலாம் என்று வெளியே காத்திருந்த வெனிங்கிடம் சொன்னான். பிறகு அந்தத் தெருவில் கடை கடையாக ஏறி மன்னிப்புக் கேட்டான். சிலர் திட்டினார்கள். கடிகாரக் கடைக்காரர் மட்டும் ஒரு நாற்காலியை அவன் பக்கம் தள்ளினார்.