நாற்பத்தாறு பதில்கள்

அந்தமானில், மாயாபந்தர் ஜெட்டியிலிருந்து மேடேறினால் முதலில் கண்ணில் படுவது ஊழியர் மெஸ்தான். தகரக் கூரை, பலகைத் தரை, நான்கு நீள பெஞ்சு. வாசல் ஆணியில் சணல் கயிற்றில் ஒரு நோட்டு தொங்கும். சாப்பிடுகிறவர்கள் குறைகளை எழுதுவதற்காக மெஸ் கமிட்டி தொங்கவிட்டது அது. அதில் பதிலும் எழுதலாம் என்று மெஸ்ஸை நடத்துகிற மரகதத்திடம் யாரும் சொல்லவில்லை. எழுதக் கூடாது என்றும் சொல்லவில்லை.

அவள் எழுதினாள்.

'சாம்பாரில் உப்பு இல்லை' என்று ஒருவர் எழுதினால், கீழே 'உப்பு போட்டது நான். பார்த்தவர்கள் இருவர்' என்று இருக்கும். 'சாதம் குழைந்துவிட்டது.' 'கப்பல் அரிசி. கேப்டனைக் கேட்கவும்.' 'சட்னி தண்ணீராக இருக்கிறது.' 'இங்கே எட்டு மாதம் மழை.' சாதத்தில் மண்ணெண்ணெய் வாடை என்று மட்டும் பதினோரு பேர் எழுதியிருந்தார்கள். பதினோரு தடவையும் கப்பல்தான் மாட்டிக்கொண்டது. அறுபத்தைந்தாம் வருஷத் தீபாவளிக்குத் தொங்கவிட்ட நோட்டில் அடுத்த ஆடிக்குள் நாற்பத்தாறு குறை, நாற்பத்தாறு பதில்.

ஆவணி பிறந்த பிறகு ஒரு வரிகூட விழவில்லை.

"மூணு வாரமாச்சுங்க, ஒரு குறை கிடையாது. எல்லார் வாயையும் அடைச்சாச்சு" என்றாள் புருஷனிடம். கோவிந்தராஜ் லாஞ்சுப் படகில் எஞ்சின் டிரைவர். அவன் சட்டையின் எண்ணெய்க் கறையைத் தேய்த்துக்கொண்டிருந்தான், நிமிரவில்லை.

"நாலாவது பெஞ்சில யாரு உட்கார்றா இப்போ?" என்றான்.

யாரும் உட்காருவதில்லை. மூன்றாவதிலும் பாதி காலி. அது அவளுக்குத் தெரிந்தேதான் இருந்தது. வருகிற ஞாயிற்றுக்கிழமை கமிட்டி கூடுகிறது. போர்ட் பிளேயரிலிருந்து ஒரு காண்டிராக்டர் மெஸ்ஸைக் கேட்டு மனு போட்டிருக்கிறான். அவளிடமே விடுவதா, அவனுக்குக் கொடுப்பதா என்று அன்றைக்குத் தீர்மானம். மெஸ் போனால் மெஸ்ஸோடு சேர்ந்த பின்னறையும் போகும். அவர்கள் குடியிருப்பது அந்த அறையில்.

மறுநாள் மத்தியானம் ஒர்க்ஷாப் தச்சன் சிலுவைராஜ் வந்தான். தூத்துக்குடிப் பக்கத்து ஆள், கமிட்டியிலும் ஒருத்தன். கையில் தூக்குவாளி. குழம்பு மட்டும் வாங்கிக்கொண்டு, வாளியிலிருந்து சொந்தச் சோற்றைக் கொட்டிப் பிசைந்தான்.

மரகதத்துக்குச் சுருக்கென்றது. "என்ன சிலுவை, என் சோத்துல என்ன குறை? இருந்தா நோட்டுல எழுத வேண்டியதுதானே?"

"எழுதி என்னக்கா பண்ண? நீங்க ஜோரா பதில் எழுதுவீங்க. வாசிச்சுச் சிரிச்சிக்கிடலாம். சோறு அப்படியேதான கெடக்கும்?"

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். "ஏக்தம் சஹி" என்று இந்தியில் ஆமோதித்தது ஒரு குரல். அவளுக்குப் பதில் நாக்கு நுனி வரை வந்தது. வாளிச் சோற்றைப் பார்த்தாள். அதுவும் அதே கப்பலில் வந்த அரிசி. அவன் வெறும் சோற்றை முதலில் ஒரு வாய் அள்ளிப் போட்டு நிம்மதியாக மென்றான். பதில் அங்கேயே நின்றுவிட்டது.

சாயங்காலம் கோவிந்தராஜ் வந்ததும் கேட்டாள். "நம்ம வீட்டுச் சோத்துலயும் வாடை அடிக்குதா?"

"அடிக்குது."

"எத்தனை நாளா?"

"சித்திரையிலேர்ந்து."

"வாயில என்ன வச்சிருந்தீங்க?"

"மொத நாளே சொன்னேனே. நீ நம்ம கல்யாணத்துக்கு எங்கம்மா ஆக்கின சோறு வரைக்கும் போயிட்ட. அப்புறம் எவன் சொல்லுவான்? நான் வாயத் தொறக்கிறதுக்குள்ள உன் பதில் வந்து குந்திக்குது."

அவள் அதற்கும் ஒன்று சொல்ல வாயெடுத்தாள். எடுத்தது தனக்கே தெரிந்ததும் மூடிக்கொண்டு சரக்கறைக்குப் போனாள். அரிசி மூட்டையில் முகத்தைப் புதைத்தாள். ஒன்றும் தெரியவில்லை. பார், நான் சொன்னது சரிதான் என்று ஒரு கணம் உள்ளே துள்ளியது. பிறகு யோசித்தாள். நாள் முழுக்க மண்ணெண்ணெய் அடுப்புக்கு முன்னால் நிற்கிற மூக்கு இது. இதை எப்படி நம்புவது? விறுவிறுவென்று இறங்கி ஜெட்டிக் கடைசிக்குப் போய்க் கடற்காற்றில் அரைமணி நேரம் நின்றாள். திரும்பி வந்து சரக்கறைக் கதவைத் திறந்தாள்.

குப்பென்று அடித்தது.

மூட்டைகளை நகர்த்தினாள். சித்திரையில் கூரை ஒழுகியபோது மண்ணெண்ணெய் டிரம்மை இந்த மூலைக்கு உருட்டி வந்தது அவளேதான். குழாய் சொட்டிச் சொட்டிப் பலகை கறுத்திருந்தது. மூட்டைகளின் அடிப்பக்கம் பிசுபிசுத்தது. கப்பலும் இல்லை, கேப்டனும் இல்லை.

சனிக்கிழமை கமிட்டிச் செயலாளர் சொக்கலிங்கம் ஒரு புது நோட்டோடு வந்தார். பெரிய மனிதர், அவளுக்கு வேண்டியவர். "பழசை அடுப்புல போடும்மா. இதை மாட்டிடு. குறையே இல்லைன்னு நான் பேசி முடிச்சிடறேன். பழசுல எதையாவது வாசிச்சாங்கன்னா காண்டிராக்டர் பக்கம் சாஞ்சிடுவாங்க."

"எரிக்க மாட்டேன் சார்."

"மெஸ் போயிடும்."

"போனா என் நோட்டோட போகட்டும்."

ஞாயிற்றுக்கிழமை கமிட்டியின் ஏழு பேரும் உட்கார்ந்தபோது, தன்னைக் கூப்பிடுவதற்கு முன்பே மரகதம் ஒரு மூட்டையைத் தரதரவென்று இழுத்து வந்து நடுவில் போட்டாள்.

"மோந்து பாருங்க. சூங்க்கே தேக்கோ." பாதிப் பேருக்குத் தமிழ் தெரியாது, தமிழும் இந்தியுமாகக் கலந்தே பேசினாள். "டிரம்மை அங்க வச்சது நான். பதினோரு பேர் சொன்னீங்க, பதினோரு தடவை கப்பல் மேல போட்டேன். அத்தனையும் என் தப்பு. டிரம் இப்போ வெளியே. இந்த மூட்டை இனி உலை ஏறாது."

நோட்டைப் புரட்டினாள். "உப்பு இல்லைன்னது சரி. சட்னி தண்ணின்னது சரி. பருப்பு வேகலைன்னது ரெண்டு தடவை, ரெண்டும் சரி. ஆக மொத்தம் பதினஞ்சு. ஒத்துக்கறேன்."

"மிச்சம் முப்பத்தொண்ணு?" என்று சீண்டினான் சிலுவைராஜ்.

"அது ஒண்ணைக்கூட ஒத்துக்க மாட்டேன். மீன் பழசுன்னு எழுதியிருக்கு. அன்னிக்குக் காலையில உன் மச்சான் கொண்டாந்த மீன் அது. அவனைக் கூப்பிட்டுக் கேளு."

கூடம் அதிரச் சிரித்தது. சொக்கலிங்கம் மட்டும் தலையில் கை வைத்துக்கொண்டார். காண்டிராக்டரின் மனுவை வாசித்தார்கள். பிறகு மரகதத்திடமே விடலாம் என்பவர்கள் யார் யார் என்று கேட்டார்கள். மூன்று கை உயர்ந்தது. அவள் யார் முகத்தையும் பார்க்கவில்லை, தலை குனியவும் இல்லை. நாலாவதாக உயர்ந்த கை சிலுவைராஜுடையது.

"மீனுக்காக இல்ல, அந்த மூட்டைக்காக" என்றான்.

திங்கட்கிழமை மத்தியானம் நாலாவது பெஞ்சில் மூன்று பேர் இருந்தார்கள். சாப்பிட்டுப் போன ஒருவர் நோட்டில் நாற்பத்தேழாவதாக எழுதியிருந்தார்: 'ரசம் அதிகப் புளிப்பு.'

மரகதம் பென்சிலை எடுத்தாள். கீழே வைத்தாள். கரண்டியோடு போய் ரசத்தை ஆற்றி ஒரு வாய் குடித்தாள். கோவிந்தராஜைக் கூப்பிட்டு அவன் கையிலும் ஒரு வாய் ஊற்றினாள். அவன் பயமில்லாமல் சப்புக்கொட்டி, நன்றாகத்தான் இருக்கிறது என்று தலையை ஆட்டினான்.

திரும்பி வந்து அழுத்தி எழுதினாள்: 'குடித்துப் பார்த்தோம். புளிப்பு சரியாக இருக்கிறது.'