தலையை மட்டும்தான் ஆட்டினார்

ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் கிளறா சேலை மாற்றிக்கொண்டு குசினிக்குள் போனாள். அங்கே கோபினா ஏற்கெனவே மீனுக்குச் செதிள் உரசிக்கொண்டிருந்தான். முதல் நாள் கபோ சந்தையில் அவன்தான் பேரம் பேசி வாங்கி வந்தவன்.

"அக்கா, தலை வேணுமோ?"

"வேணும். அவருக்குத் தலை இல்லாட்டில் சோறு இறங்காது."

கோபினா கானா நாட்டவன். கிளறாவின் வீட்டுப் பின்னறையில் குடியிருக்க வந்து இரண்டு வருடமாகிறது. அவர்கள் இருவரும் கதைப்பது உடைந்த இத்தாலியனில். 'அக்கா', 'ஓம்', 'உறைப்பு' ஆகிய மூன்று தமிழ்ச் சொற்களை மட்டும் அவன் பிழையில்லாமல் சொல்வான்.

கிளறாவின் கணவர் எமிலியானுஸ் லிபெர்த்தா வீதியில் ஒரு பெரிய கட்டடத்தின் படிகளைக் கழுவும் வேலை செய்தார். அதே கட்டடத்தின் மூன்றாம் மாடியில் சினியோரா பெல்லான்கா என்ற நடக்க முடியாத கிழவி இருந்தாள். அவளைத் தூக்கி இருத்தப் பலமுள்ள ஒரு ஆள் தேவைப்பட்டபோது, கோபினாவைக் கொண்டுபோய் விட்டவர் எமிலியானுஸ்தான். பலெர்மோத் தமிழரிடம் ஒரு வழக்கம் இருந்தது. ஒரு வீட்டுக்கு ஆளைக் கொண்டுபோய் விடுகிறவரே அந்த ஆளுக்குப் பொறுப்பு. நல்லதென்றாலும் கெட்டதென்றாலும் வீட்டுக்காரர் அவரைத்தான் கூப்பிட்டுக் கேட்பார்கள்.

"எங்கடை பெடியள் உம்மடை கண்ணிலை படேல்லையோ? ஆபிரிக்காக்காரனுக்கு வீட்டு வேலை எடுத்துக் குடுத்திருக்கிறீர். அதுவும் கோபினாவாம், பொம்பிளைப் பேர்" என்று கோயில் முற்றத்தில் இராஜநாயகம் பகிடி விட்டார். இராஜநாயகத்தின் பகிடிக்குச் சிரிக்காவிட்டால் அடுத்த பகிடி தன்னைப் பற்றியதாக இருக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். எமிலியானுஸும் சிரித்து வைத்தார்.

அது 1998ஆம் ஆண்டின் கடைசிப் பகுதி. பத்திரம் இல்லாதவர்களுக்குப் பெர்மெஸ்ஸோ என்ற வதிவிட அனுமதி கொடுக்கப்போவதாக அரசாங்கம் அறிவித்திருந்தது. அதற்கு வேலை கொடுப்பவரின் கையெழுத்து வேண்டும். சினியோரா போடுவதாகச் சொல்லியிருந்தாள். அந்தக் கையெழுத்து விழுந்தால் கோபினா இத்தாலியில் இருக்கலாம். விழாவிட்டால் என்றைக்காவது பிடித்துக் கானாவுக்கு ஏற்றிவிடுவார்கள்.

மத்தியானம் மூவரும் சாப்பிட இருந்தார்கள். சுவர்த் தட்டில் மாதா சுரூபத்துக்குப் பக்கத்தில் எமிலியானுஸின் தம்பி அந்தோனிமுத்துவின் படமும், அதற்கு முன்னால் ஒரு சின்னச் சிவப்பு மின்குமிழும். மன்னாரில் எட்டு வருடங்களுக்கு முன் ஆமி கொண்டுபோன பிள்ளை அவன். செத்தானோ இருக்கிறானோ தெரியாது. அதனால் படத்துக்கு மாலை போடவில்லை.

கோபினா சட்டைப் பையிலிருந்து ஒரு பத்திரிகைத் துண்டை எடுத்து விரித்தான். லண்டனிலிருந்து ஒரு சிநேகிதன் அனுப்பியது. அதைப் படித்து இத்தாலியனில் சொல்லும்போதே அவன் கண் கலங்கியது.

"தென்னாபிரிக்காவிலை ஆணும் ஆணும் சேர்ந்திருந்தா மறியலிலை போடலாம் எண்டு ஒரு சட்டம் இருந்தது. அது செல்லாதெண்டு அந்த நாட்டுப் பெரிய கோட்டு சொல்லிப்போட்டுது. ஆர் ஆரை விரும்பினாலும் அதுக்காக ஒருத்தரையும் ஒதுக்கக்கூடாதெண்டு ரெண்டு வருசத்துக்கு முந்தி அரசியல் சட்டத்திலையே எழுதினவை. உலகத்திலை முதல்முதல் அப்பிடி எழுதின நாடு அதுதான், அக்கா. ஆபிரிக்காவிலை எழுதியிருக்கினம்."

"நல்லது. அதுக்கு நீ ஏன் அழுறாய்?" கிளறா சிரித்துக்கொண்டே கேட்டாள்.

"நானும் அப்பிடிப்பட்டவன், அக்கா."

எமிலியானுஸின் கையில் பிசைந்த சோறு அப்படியே நின்றது. கிளறா விளங்காதவள் போல அவன் முகத்தையும் அந்தத் துண்டையும் மாறி மாறிப் பார்த்தாள். அப்படிப்பட்டவர்கள் இருக்கிறார்கள் என்று அவளுக்குத் தெரியும். ஆனால் தன் மீனைக் கழுவித் தருகிற கை அவர்களுடையதாக இருக்கும் என்று அவள் நினைத்ததேயில்லை.

சொல்லத் தொடங்கியவனால் நிறுத்த முடியவில்லை. "கானாவிலை அந்தச் சட்டம் இப்பவும் இருக்கு. நாங்கள் உண்டாக்கினதில்லை, இங்கிலிஷ்காரன் கொண்டுவந்தது. அம்பத்தேழிலை அவன் கொடியை இறக்கிக்கொண்டு போனான். சட்டத்தை விட்டிட்டுப் போனான். நாங்கள் அதை எங்கடை சட்டப் புத்தகத்திலை திருப்பி எழுதி வைச்சிருக்கிறம். உங்கடை நாட்டிலையும் அவன் வைச்சிட்டுப் போனதுதான் இருக்கு. மூண்டு வருசத்துக்கு முந்தி அதிலை பொம்பிளையளையும் சேர்த்திருக்கினம்."

"எங்கடை நாட்டிலையோ?" கிளறாவுக்கு இது இரண்டாவது அதிர்ச்சி.

"ஓம். நானும் எபோவும் ஒரே அறையிலை இருந்தம். ஒரு நாள் பொலிஸ் வந்து ஒழுங்கையிலை நிண்டு கேட்டது. பக்கத்து வீட்டு மனிசன் எங்கடை கதவைக் கைகாட்டினான். எங்களோடை சேர்ந்து பந்து விளையாடுறவன். எபோ உள்ளுக்கை இருந்தவன், நான் வெளியிலை. எபோ திரும்பி வரேக்கை அவனுக்கு ஒரு காது கேக்காது. அடுத்த வருசம் செத்துப்போனான்."

எமிலியானுஸ் எழுந்து கையைக் கழுவினார். மீன்தலை சட்டியிலேயே கிடந்தது. பின்னேரம் அவர் கோபினாவின் கோப்பையையும் தண்ணீர்க் கிளாஸையும் எடுத்து வேறு தட்டில் வைப்பதைக் கிளறா கண்டாள். கண்டும் ஒன்றும் கேட்கவில்லை. அவளுக்கே என்ன நினைப்பதென்று தெரியவில்லை.

மறுநாள் கோபினா சினியோராவின் துணிகளுக்கு அயன் போட்டபோது பத்திரிகைத் துண்டு சட்டைப் பையிலிருந்து விழுந்தது. அவன் கவனிக்கவில்லை. எடுத்தவன் சினியோராவின் மகன் நீனோ. நீனோவுக்கு ஆங்கிலம் தெரியும். அவன் இரண்டு மாடி இறங்கி வந்தான். எமிலியானுஸ் படியில் தண்ணீர் தள்ளிக்கொண்டிருந்தார்.

"எமிலியோ, உன்னை நம்பித்தான் அவனை வீட்டுக்குள் விட்டோம். அவன் அந்த மாதிரி ஆளா?"

கையில் விளக்குமாறு. காலடியில் அழுக்குத் தண்ணீர். எமிலியானுஸின் மனதுக்குள் ஒரே நொடியில் பல ஓடின: நான் கொண்டுவந்து விட்ட ஆள், பிறகு தமிழருக்கு இந்தக் கட்டடத்தில் வேலை கிடைக்காது, இராஜநாயகம் அறிந்தால் என்ன பகிடி விடுவார். அவர் வாய் திறக்கவில்லை. தலையை மட்டும் ஆட்டினார். கீழே ஒருதரம், மேலே ஒருதரம்.

நீனோ நன்றி சொல்லிவிட்டு மேலே போனான்.

மூன்று மணிக்கே கோபினா வீட்டுக்கு வந்துவிட்டான். கையில் அவனுடைய வேலைச் செருப்பு இருந்த பிளாஸ்ரிக் பை. "நாளைக்கு வரவேண்டாமாம், அக்கா. கையெழுத்தும் இல்லையாம். ஆரையோ கேட்டு உறுதிப்படுத்தினதாம். ஆரெண்டு சொல்லேல்லை." பையைக் கதவடியில் வைத்துவிட்டு, வேறு வேலை தேடப் போவதாகச் சொல்லி வெளியே போனான். பெர்மெஸ்ஸோவுக்கு இன்னும் சில வாரங்களே இருந்தன.

அந்தக் கட்டடத்தில் கேட்பதற்கு வேறு யார் இருக்கிறார்கள்? கிளறா கணவரைப் பார்த்தாள்.

"இஞ்சருங்கோ, நீங்களோ சொன்னது?"

"நான் ஒண்டும் சொல்லேல்லை."

"சொல்லாமல் எப்பிடி அவனுக்குத் தெரியும்?"

"கேட்டான். நான் தலையை மட்டும்தான் ஆட்டினன்."

கிளறா மெல்லத் திரும்பி, தட்டில் இருந்த அந்தோனிமுத்துவின் படத்தைப் பார்த்தாள்.

"தம்பியைக் கொண்டுபோன அண்டைக்குச் சாக்குப் போட்டவனும் வாய் திறக்கேல்லை" என்றாள். "அவனும் தலையை மட்டும்தான் ஆட்டினவன்."



அந்த நாளை மன்னாரில் அவர்கள் ஊரில் யாரும் மறக்கவில்லை. விடியற்காலையில் சுற்றிவளைப்பு. பள்ளிக்கூட மைதானத்தில் ஆண்கள் எல்லோரையும் வரிசையில் விட்டார்கள். ஜீப்புக்குள் சாக்கால் தலையை மூடிய ஒருவன் இருந்தான். சாக்கில் கண்ணுக்கு இரண்டு ஓட்டை. ஊர் அவனைத் தலையாட்டி என்றது. வரிசை ஒவ்வொரு ஆளாக அவன் முன்னால் போக, அவன் தலை அசையாவிட்டால் வீட்டுக்குப் போகலாம், அசைந்தால் ட்ரக்குக்கு. எமிலியானுஸ் முன்னால் போனபோது அந்தத் தலை அசையவில்லை. பின்னால் வந்த தம்பிக்கு அசைந்தது. கீழே ஒருதரம், மேலே ஒருதரம். பெண்கள் வரிசையில் நின்ற கிளறா அதைக் கண்ணால் கண்டவள். எட்டு வருடமாக எமிலியானுஸ் அந்தத் தலைக்குச் சாபம் போடாமல் செபம் முடித்ததில்லை.

இப்போது அந்தத் தலை தன்னுடைய கழுத்தில் இருப்பதுபோல அவருக்குத் தோன்றியது. குசினிக் கதிரையில் இருந்து இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார்.

கோபினா திரும்பி வந்ததும் எமிலியானுஸ் எழுந்து நின்று சொன்னார்: "நான்தான்."

கோபினா அவரைப் பார்த்தான். கோபப்படவில்லை. "அங்கையும் பக்கத்து வீட்டு மனிசன்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் பின்னறைக்குள் போய்ச் சாமான்களை அடுக்கத் தொடங்கினான். கிளறா வாசலில் நின்று அழுதாள். அவளிடம் மட்டும் "அக்கா, போட்டு வாறன்" என்பதை இத்தாலியனில் சொல்லி, கன்னத்தில் முத்தமிட்டுப் போனான். பிரான்காச்சோவில் நாலு கானாக்காரர் இருந்த ஒரு வீட்டில் அவனுக்கு ஒரு மூலை கிடைத்தது.

அடுத்த நாள் காலை எமிலியானுஸ் விளக்குமாற்றைப் படியடியில் சாத்திவிட்டு மூன்றாம் மாடிக்கு ஏறினார். நீனோ வீட்டில் இல்லை. சினியோரா கட்டிலில் ஒரு பக்கமாகச் சரிந்து கிடந்தாள். தூக்கி இருத்த ஆள் இல்லை.

"அந்தப் பையன் தானாகவே போய்விட்டானாமே. நன்றி கெட்டவன்" என்றாள்.

"போகேல்லை, சினியோரா. உங்கடை மகன் என்னட்டைக் கேட்டவர். நான் தலையாட்டினன். அதாலை அனுப்பிப்போட்டார்." அவருக்குத் தெரிந்த இத்தாலியன் முழுவதும் அன்றைக்குத்தான் தேவைப்பட்டது. எல்லாவற்றையும் சொன்னார். எபோவின் காதையும் சொன்னார்.

சினியோரா முழங்கையை ஊன்றி நிமிரப் பார்த்தாள். "இரண்டு வருடமாக என்னைக் குளிப்பாட்டுகிறவன். ஒரு நாள்கூட என்னைக் கூசவைக்கவில்லை" என்றாள். பிறகு, "இந்த வீடு என் பெயரில் இருக்கிறது, நீனோவின் பெயரில் இல்லை. படிவத்தையும் பேனையையும் எடு" என்றாள்.

கையெழுத்து விழுந்தது. எமிலியானுஸுக்கு அந்தக் கட்டடத்துப் படி வேலை அந்தக் கிழமையோடு முடிந்தது. அதை நீனோ பார்த்துக்கொண்டான்.

பெர்மெஸ்ஸோவுக்கு மனுக் கொடுக்கும் நாளில் குவெஸ்தூரா என்ற பொலிஸ் தலைமையகத்துக்கு வெளியே வரிசை வீதி முனைவரை வளைந்திருந்தது. கோபினா முன்னால் நின்றான். பத்துப் பேர் தள்ளி, மருமகனுக்குத் துணையாக வந்த இராஜநாயகமும் வேறு தமிழரும். எமிலியானுஸ் கோபினாவிடம் போய், கிளறா கொடுத்துவிட்ட சோற்றுப் பார்சலை நீட்டினார். அவன் வாங்கிக்கொண்டு முன்பக்கம் திரும்பினான்.

திரும்பி வந்தபோது இராஜநாயகம் பிடித்துக்கொண்டார். "எமிலி, ஒரு கதை அடிபடுது. உம்மடை கோபினா மற்றமாதிரியாமே? ஓமோ, இல்லையோ?"

வரிசை முழுவதும் காது கொடுத்தது. எல்லோருடைய கண்ணும் எமிலியானுஸின் தலையில் இருந்தது. அவர் கழுத்தை விறைப்பாக வைத்துக்கொண்டார்.

"இராஜண்ணை, அந்த நாளிலை வரிசையிலை நிண்டனீங்களோ?"

இராஜநாயகத்தின் சிரிப்பு நின்றது. "நிண்டனான். அதுக்கென்ன இப்ப?"

"நானும் நிண்டனான். இண்டைக்கும் வரிசைதான். இந்தமுறை சாக்குப் போட்டவன் நான். ஒருக்கால் ஆட்டிப்போட்டன், இனி ஆட்ட மாட்டன்." அவருடைய குரல் உயரவில்லை. "எங்கடை இனம் எண்டதுக்காக எங்களைப் பிடிக்கேக்கை அநியாயம் எண்டு கத்தினம். ஒரு மனிசன் ஆரை விரும்புறான் எண்டதுக்காக அவனைப் பிடிக்கிறதும் அதே அநியாயம்தான். பிடிக்கிறவனை விடப் பெரிய குற்றவாளி, பக்கத்திலை இருந்து ஆளைக் காட்டிக் குடுக்கிறவன். அதுக்கு வாய் திறக்கவேணும் எண்டில்லை, ஒரு தலையாட்டல் காணும். அவன் எப்பிடிப்பட்டவன் எண்டு என்னைக் கேக்காதையுங்கோ. நாங்கள் எப்பிடிப்பட்டவங்கள் எண்டு கேளுங்கோ."

இராஜநாயகம் குனிந்து மருமகனின் கடதாசிகளைச் சரிபார்க்கத் தொடங்கினார்.

முன்னால் நின்ற கோபினாவுக்கு இந்தத் தமிழ் ஒன்றும் விளங்கவில்லை. சத்தம் கேட்டுத் திரும்பியவன், தமிழர்கள் ஒருவரும் பேசாமல் நிற்பதையும், எமிலியானுஸ் அசையாமல் நிற்பதையும் கண்டான். பிறகு பார்சலைப் பிரித்தான். மேலே மீன்தலை இருந்தது.