ஆட்டத்தில் போன கிணறு

1974ஆம் ஆண்டு தை மாதம் ஒரு வியாழக்கிழமை பகல் பதினொன்றரை மணிக்கு, ஓடைப்பட்டி சுருளிவேலின் எழுபதடிக் கிணறு தோட்டத்தை விட்டுக் கிளம்பி, போடி பஜாரில் பொன்னுராஜின் ஏலக்காய் மண்டிக்குப் பின்னால் உள்ள கொல்லையில் போய் அமர்ந்தது. ஐந்து குதிரைசக்தி மோட்டாரும், ஏழு தவளைகளும், 1963இல் உள்ளே விழுந்த பித்தளைத் தோண்டியும் கூடவே போயின. கிணறு இருந்த இடம் உழுது பரம்படித்த மாதிரி சமமாகக் கிடந்தது. கர்ணம் வந்து சங்கிலி பிடித்து அளந்து, நிலத்தின் அளவில் குறைவேதும் இல்லை என்று சொல்லி, ஒரு இளநீர் குடித்துவிட்டுப் போனார்.

இது திருட்டில்லை. சுருளிவேல் ஆட்டத்தில் தோற்றிருந்தார். அதை மனைவி அய்யம்மாளிடம் சொல்ல அவருக்கு மூன்று நாள் பிடித்தது. மற்ற எல்லோருக்கும் முதல் நாளே தெரியும். எப்படித் தெரிந்தது என்று கேட்பவர்கள் ஓடைப்பட்டியில் ஒரு வாரம் குடியிருந்து பார்க்கட்டும்.

போடிமெட்டுக்கு மேலே எஸ்டேட்டை விட்டுச் சீமைக்குக் கிளம்பிய துரை ஒருவர் சாமான்களை ஏலம் விட்டபோது, பொன்னுராஜ் நான்கு நாற்காலி எடுத்தார். நாற்காலியோடு ஒரு பெட்டியும் ஒட்டிக்கொண்டு வந்தது. உள்ளே எண்பது கட்டம் போட்ட பலகை, ஆளுக்கு இருபது தேக்குக் காய்கள். காய்கள் நிற்கும். ஆடுபவர் பக்கம் திரும்பிய முகத்தில் படம் இருக்கும்: ராஜா, பூதம், சூனியக்காரி, பறக்கும் குதிரை. எதிராளிக்குத் தெரிவதெல்லாம் ஒரே மாதிரியான கறுப்பு முதுகு. மோதிப் பார்த்தால்தான் எது பூதம், எது குதிரை என்று விளங்கும். ஆளுக்கு ஒரு காய் மட்டும் படமில்லாமல் இருந்தது. தன்னிடம் உள்ளதிலேயே உயர்ந்த பொருளை அதில் வரைந்து ஒளித்து வைக்க வேண்டும், அதைப் பிடித்தவர் ஜெயித்தவர், பிடிபட்ட பொருள் அவருக்கே என்று பெட்டிக்குள் இருந்த இங்கிலீஷ் தாளைப் படித்துச் சொன்னார் பொன்னுராஜ். துரைமார் கிரீடமோ வாளோ வரைந்திருப்பார்கள். ஓடைப்பட்டியில் பெண் கொடுக்கிறவர்கள் மாப்பிள்ளைக்கு எத்தனை ஏக்கர் என்று கேட்பதில்லை, கிணறு எத்தனை அடி என்றுதான் கேட்பார்கள். ஆகவே, திராட்சைக்கு மருந்து வாங்கப் போடிக்குப் போன இடத்தில் ஆட உட்கார்ந்த சுருளிவேல், கிணற்றை வரைந்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் பங்காளியோடு பன்னிரண்டு வருடம் வரப்புக்காகக் கோர்ட்டுக்கு நடந்த மனிதர் அவர். எண் போடாத கிணறு எவன் கிணறாகவும் ஆகிவிடும் என்று பயந்து, படத்துக்கு அடியில் சர்வே எண் 214/3 என்று அழுத்தமாக எழுதியும் வைத்தார். பலகை அதை அப்படியே எடுத்துக்கொண்டது.

அந்தக் கிணறு 1958இல், அய்யம்மாளுக்குத் தாய்வீட்டில் போட்ட பாம்படத்தை விற்று வெட்டியது. அன்று முதல் அவள் காதுகள் வெறுமையாகத் தோளைத் தொட்டுக்கொண்டிருந்தன.

"ஏ மனுசா, என் காதை வித்து வெட்டுன கிணத்தை எவளைக் கேட்டுப் பலகையில வச்ச?"

"வெறும் படந்தானேன்னு நெனச்சேன் தாயி."

"வெறும் படத்துக்கு எதுக்குய்யா சர்வே நம்பரு?"

சுருளிவேல் அதற்குப் பிறகு ஒன்றரை மாதம் யாரிடமும் பேசவில்லை என்பது ஊருக்கு ஒரு லாபம்.

அய்யம்மாள் போடிக்குப் போய்க் கேட்டாள். பொன்னுராஜ் புதுக் கிணற்றுச் சுவரில் சாய்ந்தபடி, "ஆட்டம்னா ஆட்டந்தான் தங்கச்சி. நான் என்ன, வேலி தாண்டியா தூக்கிட்டு வந்தேன்? தானா நடந்து வந்துச்சு" என்றார். அவர் பாடு அப்போது கொண்டாட்டம். தெருவில் வீட்டுக்கு இரண்டு குடம் தண்ணீர் சும்மா விட்டார். ஞாயிறு ஆராதனையில் சபை அவருக்கு முன்பெஞ்சு கொடுத்தது. பிறத்தியார் கிணற்றில் புண்ணியம் சேர்ப்பது எத்தனை சுலபம் என்று போடிக்காரர்கள் ஒருவரும் யோசிக்கவில்லை, குடம் நிறைந்துவிடுகிறதல்லவா. இங்கே இரண்டு வருடத் திராட்சைக்கொடி பந்தலிலேயே சுருண்டது. பங்குனி முடிவதற்குள் தண்ணீர் வராவிட்டால் வெட்டி அடுப்பில் வைக்க வேண்டியதுதான்.

அடுப்புக்கு விறகு தேவைப்பட்டால்தானே. கிணறு போன பிறகு நாற்பது நாளும் அய்யம்மாள் பக்கத்தில் உலையை வைத்தாலே அரிசி கொதித்தது. அவள் உட்கார்ந்த கல்லில் பக்கத்து வீட்டுக்காரிகள் அப்பளம் சுட்டுக்கொண்டார்கள். சோடா மூடிகளைத் தரையில் அடுக்கி, புருசனை எதிரே உட்காரவைத்து ஆட்டத்தைக் கற்றாள். வாய் பேசாத சுருளிவேல் விரலால் காட்டிச் சொல்லிக்கொடுத்தார். பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை பஸ் ஏறினாள். கண்டக்டர் கொடுத்த டிக்கெட் அவள் கையில் ஓரம் கருகியது.

"கிணத்தை வையிங்க அண்ணாச்சி. ஆடுவோம்."

பொன்னுராஜ் சிரித்துக்கொண்டே சம்மதித்தார். அய்யம்மாள் தன் காயில் படமெதுவும் வரையவில்லை. முழுக்கச் சிவப்பு அடித்து, "இதான் எங்கிட்ட மிச்சமிருக்கு, என் கோவம். முடிஞ்சா எடுத்துக்குங்க" என்றாள். அந்தக் காய் நின்ற கட்டம் சூடேறி, பலகையில் பூசிய மெழுகு உருகி வாசம் வந்தது. பொன்னுராஜின் காய்கள் அந்தப் பக்கமே போகவில்லை.

பதினெட்டாவது நகர்த்தலில் பொன்னுராஜின் மனைவி சாராள் தட்டில் காப்பி கொண்டுவந்து அவர் முதுகுக்குப் பின்னால் நின்றாள். அங்கிருந்து பார்த்தால் அவர் காய்கள் அத்தனையின் முகமும் தெரியும். இடது மூலையில் இருந்த காயில் கிணறு இல்லை. ஒரு பெண்ணின் தலை இருந்தது, கீழே சபைக் கல்யாணப் பதிவேட்டின் எண் இருந்தது: 41, 1955. கடை அண்ணன் பேரில், வீடு அம்மா பேரில். கிணற்றைப் பணயம் வைக்க மனம் வராத மனிதர், தன் பேரில் பதிவாகியிருந்த மற்ற ஒரே உருப்படியை வைத்திருந்தார்.

சாராள் பத்தொன்பது வருடத்தில் அந்த வீட்டில் குரலை உயர்த்தியதில்லை என்று போடியில் சொல்வார்கள். அன்றும் உயர்த்தவில்லை.

"மூக்கைக்கூடச் சரியா வரையலையே" என்றாள். பிறகு, "தங்கச்சி, அவுக எடது மூலை. அதுல இருக்கிறது நாந்தான். எடு."

"எனக்குக் கிணறுல்ல வேணும் மதினி! உங்களை வச்சு நான் என்ன பண்ண?"

"கிணத்தை அவுக வைக்கவே இல்லை. மொதல்ல என்னை எடு. கிணத்தை நான் எடுத்துத் தாரேன்."

பொன்னுராஜ் பலகையைக் கையால் மூடப் பார்த்தார். அதற்குள் அய்யம்மாளின் பறக்கும் குதிரை மூலையில் இறங்கிவிட்டது. சாராள் காப்பித் தட்டோடு மறைந்தாள். அதே நிமிடம் ஓடைப்பட்டியில் வாடிய பந்தலுக்கு அடியில் நின்றாள். அங்கே இருந்தவர் சுருளிவேல் மட்டுமே. அவர் எதுவும் கேட்காமல் ஒரு டம்ளரை எடுத்துக் குடித்தார். காப்பி சூடாகவே இருந்தது.

மறுநாள் பொன்னுராஜ் வாடகைக் காரில், மடியில் பெட்டியோடு வந்து இறங்கினார்.

"சாராள், வீட்டுக்கு வா. சபையில கேட்டா நான் என்னத்தைச் சொல்ல?"

"கொல்லைக்குக் கிணறு வந்தப்ப என்ன சொன்னீகளோ, அதையே சொல்லுங்க. ஆட்டம்னா ஆட்டந்தான். உக்காருங்க. நான் ஆடுறேன்."

இந்த முறை ஊரே சுற்றி நின்றது. கிணற்றை எல்லோர் கண்முன்னாலும் வரையச் சொன்னாள் சாராள், சர்வே எண்ணோடு. தன் காயில் தன் முகத்தைத் தானே வரைந்தாள், மூக்கு உட்பட. பெண்டாட்டியைப் பிடித்துவிட்டால் கிணறும் மிஞ்சும் என்ற ஆசை பொன்னுராஜுக்கு. அவள் மூலைகளில் எல்லாம் தேடினார். அவளோ தன் காயை முன்வரிசை நடுவில், அவர் மூக்குக்கு எதிரேயே நிறுத்தியிருந்தாள். அங்கே அவர் ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. மணிபர்சைத் தலையணைக்கு இடப்பக்கமே செருகுகிறவர் கிணற்றை எங்கே ஒளிப்பார் என்பது அவளுக்குத் தெரியாததா. ஏழாவது நகர்த்தலில் இடது மூலையைத் தட்டினாள்.

கூட்டத்தில் நின்ற இரண்டு பேர் சட்டென்று விலகிக்கொள்ள வேண்டியிருந்தது, கிணறு தன் பழைய இடத்துக்கே வந்தது. தவளைகள் ஒன்பதாகியிருந்தன. தண்ணீரில் ஏலக்காய் வாசம் ஏறியிருந்தது, இன்றுவரை போகவில்லை. கொடி அந்த வாரமே துளிர்த்தது. சுருளிவேல் வாயைத் திறந்து, "என் கிணறு" என்றார். இரண்டு பெண்களும் ஒருசேரத் திரும்பிப் பார்த்ததில் அவர் மீசை நுனி லேசாகப் பொசுங்கியது. கர்ணம் மறுபடி சங்கிலியோடு வந்து, சாராள் ஜெயித்து அய்யம்மாளுக்குக் கொடுத்தது என்று எழுதி, இருவரிடமும் கையெழுத்து வாங்கி, இன்னொரு இளநீர் குடித்தார்.

சாராள் போடிக்குத் திரும்பவில்லை. தோட்டத்து ஓரத்தில் ஓட்டுவீடு ஒன்று போட்டுக்கொண்டாள். பொன்னுராஜ் பத்து வருடமாக ஒவ்வொரு ஞாயிறும் ஆராதனை முடிந்து பஸ் ஏறி வருகிறார். வெள்ளைச் சட்டையோடு எதிரே உட்கார்ந்து, அவள் முகம் இருக்கும் காயைத் தேடித் தோற்றுவிட்டு, நாலரை பஸ்ஸுக்குப் போகிறார். இதுவரை மண்டித் தராசு, நான்கு நாற்காலி, முன்பெஞ்சில் அவர் உட்கார்ந்த இடம் எல்லாம் ஓடைப்பட்டிக்கு வந்து சேர்ந்துவிட்டன. அய்யம்மாளின் சிவப்புக் காய் மட்டும் பெட்டிக்குள் போவதில்லை. அது இன்னும் ஆறவில்லை. அதன் மேல்தான் சாராள் வீட்டில் காலையும் மாலையும் பால் காய்கிறது.