ஒத்தக்கல் மலை சொல்லும் சொல்

டயகமப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றின் கீழ்ப்பிரிவில், ஜெயந்தினி தன் கல்யாணத்தன்று வாய்தவறிச் சொன்ன ஒரு வார்த்தையை எதிரே நிற்கிற ஒத்தக்கல் மலை தினமும் காலைத் தேத்தண்ணி நேரத்தில் திருப்பிச் சொல்கிறது. இரண்டு வருஷமாகச் சொல்கிறது. ஞாயிற்றுக்கிழமையும் விடாது, பௌர்ணமி லீவான போயாவும் விடாது. மழை கொட்டினால் கொஞ்சம் சத்தமாகச் சொல்லும், அவ்வளவுதான். குரல் அவளுடையதேதான். அந்தப் பதற்றம்கூடக் குறையாமல் அப்படியே வரும்.

நடந்தது இதுதான். மாப்பிள்ளை கஜேந்திரனுக்குக் கொழும்பில், புறக்கோட்டை இரும்புக் கடையொன்றில் வேலை. லீவு என்றால் முதலாளிக்கு மூஞ்சி கோணும். அவர் வீடு இந்தக் கீழ்ப்பிரிவில், பெண் இறம்பொடைப் பக்கம். பரிசம் போடக்கூட அவரால் வரமுடியவில்லை. அம்மா பேச்சியம்மாதான் சொந்தக்காரர்களைக் கூட்டிக்கொண்டு போய்வந்தார். மற்றதெல்லாம் போனில் நடந்தது. போனில் முகம் தெரியும், சிரிப்பு தெரியும், எண்ணெய் வைத்துச் சீவிய தலை தெரியும். ஆள் எவ்வளவு உயரம் என்று போனுக்கு என்ன தெரியும்? கல்யாணத்தன்றும் அவர் முதலிலேயே மணவறையில் உட்கார்ந்துவிட்டார். அவள் குனிந்த தலையோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். தாலி கட்டி முடிந்து, அக்கினியைச் சுற்றிவர எழுந்தபோதுதான் அந்த இரண்டு பேரும் முதன்முதலாகப் பக்கத்தில் பக்கத்தில் நின்றார்கள்.

தோட்டத்துக் கல்யாணத்தில் ஒரு வழக்கம் உண்டு. அன்றைக்கு வேலைக்குப் போயே ஆகவேண்டியவர்களுக்கும் மந்திரமும் கெட்டிமேளமும் கேட்கட்டுமே என்று மைக்கை மணவறைக் காலிலேயே கட்டி, ஹோர்ன் ஸ்பீக்கர்களை மலைமலையாகத் திருப்பி வைப்பார்கள். ஹட்டனிலிருந்து வந்த சவுண்ட் செட்காரர் நஸீர் அந்த வேலையை அன்றைக்கு அச்சுப் பிசகாமல் செய்திருந்தார். ஜெயந்தினி தன் தோழி தனுஜாவின் காதோடுதான் சொன்னாள். பாழாய்ப்போன மைக் அந்தக் காதுக்கும் கிட்டத்தில் இருந்தது.

"ஐயய்யோ தனுஜா, இவரு என்ன இம்புட்டுக் குள்ளமா இருக்காரு!"

மலையெல்லாம் அதிர்ந்தது. கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தவர்கள் கூடையோடு உட்கார்ந்து வயிறு வலிக்கச் சிரித்தார்கள். ஐயர் சிரிப்பை இருமலாக மாற்றிச் சமாளித்தார். கஜேந்திரன் திரும்பிப் பார்க்கவில்லை. யாரோ படம் எடுக்கச் சொன்ன மாதிரி ஒரு சிரிப்பை முகத்தில் வைத்துக்கொண்டு, குனிந்தபடியே சுற்றிவந்து உட்கார்ந்தார். மறுநாள் காலையில் அவள் புது வீட்டில் முதல் தேத்தண்ணியை ஊற்றிக்கொண்டிருந்தபோது மலை அதைத் திருப்பிச் சொன்னது.

முதலில் நஸீர்மேல்தான் எல்லாருக்கும் கோபம். அவர் ஹட்டனிலிருந்து வேனில் வந்து, அம்ப்ளிஃபயரைக் கழற்றிப் பார்த்து, வயரெல்லாம் தடவிப் பார்த்து, "அல்லாஹ்மேல ஆணையா என் செட்டுல ஒரு கொறையும் இல்லங்க" என்றார். மனசு கேட்காமல், மறுநாள் காலை மலைக்கு நேரே ஹோர்னை வைத்துப் பக்திப் பாட்டுப் போட்டு அமுக்கப் பார்த்தார். பாட்டு முடியும்வரை மலை மரியாதையாகக் காத்திருந்தது. முடிந்ததும் சொன்னது. கோயிலில் பூசை வைத்தார்கள், தேங்காய் உடைத்தார்கள். அந்தச் சமயத்திலும் சொன்னது. பிறகு சனங்களுக்கும் பழகிப்போயிற்று. "குள்ளம் சொல்லியாச்சு, வாங்கடி தேத்தண்ணி குடிப்போம்" என்று கூடையை இறக்கத் தொடங்கினார்கள். தன் காதில் சொல்லப்போய்த்தானே இப்படி ஆயிற்று என்று தனுஜா போனில் இரண்டு தடவை மன்னிப்புக் கேட்டுவிட்டு, கல்யாணமாகிக் கந்தப்பளைக்குப் போய்விட்டாள். பேச்சியம்மா மட்டும் ஆரம்பத்திலிருந்தே அசரவில்லை. "எம்புள்ள குள்ளம்னு மலை சொல்லியா எனக்குத் தெரியணும்? நாந்தான பெத்தேன்" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போவார்.

ஜெயந்தினிக்கு அப்படித் தூக்கிப்போட முடியவில்லை. அவர் குள்ளம் என்பதை அன்று சாயங்காலமே அவள் மறந்துவிட்டாள். பஸ் பயணத்தில் களைத்துப்போய்க் கிடந்த அவளுடைய அம்மாவுக்கு, பட்டுவேட்டி நனைய நனைய அவரே சுடுதண்ணி தூக்கிக்கொண்டு வந்ததைப் பார்த்தபோதே மறந்துவிட்டாள். சொன்னதைத்தான் மறக்க முடியவில்லை. மன்னிப்புக் கேட்கலாமென்று வாயைத் திறந்தபோதெல்லாம் அவர், "அதெல்லாம் ஒண்ணுமில்லீங்க, தூங்குங்க" என்று சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். லீவு முடிந்து கொழும்புக்குப் போய்விட்டார். தீபாவளிக்கு வந்தார், பொங்கலுக்கு வந்தார். வருகிறபோதெல்லாம் அவள் கூன்போட்டு நடந்தாள். அவர் நின்றால் இவள் உட்கார்ந்துகொள்வாள். அவர் உட்கார்ந்தால் தரையில் இறங்கிவிடுவாள். அவர் எதைக் கேட்டாலும் "சரிங்க". சோறு போடவா என்று கேட்பாள், போதுமா என்று கேட்பாள். அதற்குமேல் ஒரு வார்த்தை வராது. ஒரு வார்த்தை சொல்லிப் பட்டபாடு போதாதா?

அவளும் கொழுந்து எடுக்கப் போனாள். தேயிலை வரிசைகளில் கடைசி நிரையை அவளே கேட்டு வாங்கிக்கொண்டாள். அந்த ஓரத்தில் பேச்சுத் துணைக்கு ஆளில்லை, அதுதான் அவளுக்கு வேண்டியிருந்தது. மற்றப் பெண்கள் பொல்லாதவர்கள் இல்லை, கூப்பிடத்தான் செய்தார்கள். ஆனால் மலை சொல்லி முடிந்ததும் ஒருத்தியாவது அவள் பக்கம் பார்ப்பாள். அந்தப் பார்வைக்குத் தப்பிப் பனியில் தனியாக நிற்பது மேல் என்று இருந்தது. இதில் பெரிய கொடுமை, கஜேந்திரன் தினமும் சரியாக அந்த நேரத்துக்குத்தான் போன் எடுப்பார். கடையில் அப்போதுதான் தேத்தண்ணிக்கு விடுவார்களாம். "சாப்பிட்டீங்களா?" "சாப்பிட்டேங்க." "அம்மா?" "நல்லா இருக்காங்க." அதற்குள் மலை ஆரம்பித்துவிடுமே என்று அவள் போனைச் சேலைத் தலைப்பில் பொத்தி, நெஞ்சோடு அமுக்கிக்கொண்டு தேயிலைக்குள் குந்திவிடுவாள். எடுத்துப் பார்த்தால் அவர் இன்னும் லைனில் இருப்பார். பிறகு வைத்துவிடுவார். இந்த மனுஷன் இப்படியே தூரமாகிப் போய், ஒருநாள் போனையும் நிறுத்திவிடுவாரோ என்று அவள் பயந்தாள். இரண்டு வருஷமும் இந்தப் பயத்திலேயே போயிற்று.

இந்த ஆடி மாதம் கோயில் திருவிழாவுக்கு அவர் வந்திருந்தார். அவர் வீட்டில் இருக்கிற நாட்களில், மலை பேசுகிற நேரத்துக்கு டீவியை அலறவிடுவது அவள் வழக்கம். அன்றைக்குப் பார்த்து, மழைக் காற்றில் மரம் விழுந்து லயத்து வீட்டு வரிசைக்கே கரண்ட் இல்லை. நேரம் நெருங்கியதும் அவள் செத்தல் மிளகாயை உரலில் கொட்டி, சாமி வந்தவள் மாதிரி இடிக்க ஆரம்பித்தாள். கஜேந்திரன் வீட்டு முன்பக்கத்து இஸ்தோப்புத் திண்ணையில் நின்றுகொண்டிருந்தார்.

"கொஞ்ச நேரம் இடிக்காம இருங்க" என்றார்.

கை நின்றுவிட்டது. மலை சொன்னது. ஒரு சொல் பிசகாமல், மழையில் நனைந்த குரலில், முழுக்கச் சொன்னது. அவர் கண்ணை மூடிக் கேட்டார். அவளுக்குப் பூமி பிளந்து உள்ளே போய்விடலாம்போல இருந்தது.

"போனை ஏன் எப்பவும் பொத்திப் பொத்திப் பிடிக்கிறீங்க? இதக் கேக்கத்தான் அந்த நேரத்துக்குக் கூப்புடுறேன்."

குத்திக்காட்டுகிறார் என்றுதான் அவள் நினைத்தாள். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. மிளகாய் நெடி என்று சொல்லிக்கொள்ளவும் வசதியாகத்தான் இருந்தது.

"இல்ல, அழாதீங்க. மொத நாள் அவமானமாத்தான் இருந்துச்சு, பொய் சொல்ல மாட்டேன். ஒங்க மூஞ்சியப் பாக்க முடியல. கொழும்புல போயி ஒக்காந்தப்பறந்தான் யோசிச்சேன். இந்த ரெண்டு வருஷத்துல நீ எங்கிட்டப் பேசுனதுல 'சரிங்க'வ எடுத்துட்டா மிச்சம் என்ன இருக்கு? என்னையப் பாத்து, மனசுல பட்டதச் சொன்னது அது ஒண்ணுதான்."

அவர் அவளை 'நீ' என்றது அதுதான் முதல் தடவை. சொல்லிவிட்டு அவரே வெட்கப்பட்டுப்போய் மலைப்பக்கம் திரும்பிக்கொண்டார். ஜெயந்தினி உலக்கையைச் சுவரில் சாத்திவிட்டு இஸ்தோப்புக்கு வந்தாள். கூன் போடவில்லை. பக்கத்தில் போய் நேராக நின்றாள். அவர் அவள் காதுவரைக்கும் இருந்தார். இரண்டு வருஷமாகச் சேர்த்து வைத்த மன்னிப்பெல்லாம் தொண்டைவரை வந்தது. வாயைத் திறந்தால் வேறொன்று வந்து விழுந்தது.

"இந்தச் சட்ட ஒங்களுக்கு நல்லாவே இல்லங்க."

கஜேந்திரன் சிரித்த சிரிப்பில் அடுத்த வீட்டுக் கதவு திறந்தது.

மைக்கும் இல்லை, ஹோர்னும் இல்லை. ஆனாலும் மறுநாளிலிருந்து மலை அதையும் சேர்த்துச் சொல்கிறது. முதலில் குள்ளம், கொஞ்சம் பொறுத்துச் சட்டை. கீழ்ப்பிரிவில் இப்போது சட்டை சொன்ன பிறகுதான் தேத்தண்ணிக்குக் கூடை இறக்குகிறார்கள்.